தின்னும்போது பிடிபட்டவர்

1

நான் உயிரோடு இருக்கிறேன் என்பதை ஆண்டுக்கு ஒருமுறை ஊட்டிக் கருவூலத்துக்கு நிரூபிக்க வேண்டும். ஓய்வூதியம் வாங்கும் எல்லோருக்கும் உள்ள சடங்குதான். உள்ளூரில் இருந்தால் நேரில் போய் நிற்கலாம். முகத்தைப் பார்த்ததும் எழுத்தர் நம்பிவிடுவார். மெல்போர்னில் மகள் வீட்டில் இருப்பவன் நோட்டரி முன்னால் கையெழுத்திட்டு, முத்திரை வாங்கி, மூலப்படியைத் தபாலில் அனுப்ப வேண்டும். நான் வருவாய்த் துறையில் எழுத்தராகச் சேர்ந்து வட்டாட்சியராக ஓய்வு பெற்றவன். ஒரு படிவத்தை எத்தனை காரணம் காட்டித் திருப்பி அனுப்பலாம் என்று அறிந்தவன். ஆகவே என் படிவத்தில் ஒரு புள்ளி பிசகாது.

இந்த ஆண்டு முத்திரை குத்திய நோட்டரி அம்மாள் என் சொந்த ஊரைப் படித்துவிட்டு நிமிர்ந்தார்.

"நீலகிரியா? அந்த யோகி இருந்த மலைதானே? ஒன்றுமே சாப்பிடுவதில்லை என்று சொல்லிவிட்டுத் தின்னும்போது பிடிபட்டாரே, அவர். உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாது" என்றேன்.

பொய் சொல்வதற்கு நோட்டரி அலுவலகத்தைவிடப் பொருத்தமான இடம் இல்லை. பணம் கட்டி, வரிசையில் நின்று, அடையாள அட்டை காட்டிச் சொன்னேன்.

அவர் பெயர் ராமையா. ஊரில் இருக்கும் உங்களில் பலர் அந்த வீடியோவைப் பார்த்துச் சிரித்திருப்பீர்கள். சிரித்ததில் தவறில்லை. ஆனால் அந்தக் கதை யார் கையெழுத்தில் தொடங்கியது என்பதையும் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். அதற்காகத்தான் இந்தக் குறிப்புகள்.

2

ராமையா இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து, பள்ளிக்கூட வயதில் பெற்றோருடன் கப்பலேறி வந்தவர். நீலகிரியில் அரவேணுப் பக்கம் ஓர் எஸ்டேட் தொழிற்சாலையில் இலை வாட்டும் மாடிக்கு மூட்டை ஏற்றுவது அவர் வேலை. முப்பது வயதுக்குள் முதுகு போய்விட்டது. எஸ்டேட் ஆஸ்பத்திரிக் கம்பவுண்டர் மாத்திரையோடு ஆறு ஆசனங்களையும் சொல்லிக் கொடுத்தார். அந்தக் கம்பவுண்டர் அவற்றை ஒரு மருந்துக் கம்பெனிக் காலண்டரைப் பார்த்துக் கற்றவர். குரு பரம்பரை அவ்வளவுதான்.

ஆறு ஆசனத்தில் முதுகு நிமிர்ந்தது. கொழுந்து பறிக்கும் பெண்கள் அதைப் பார்த்துவிட்டு, எங்களுக்கும் சொல்லிக் கொடு என்றார்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் பிள்ளைக் காம்பராவில் வகுப்பு தொடங்கியது. தோட்டத்துக்குப் போகும் தாய்மார் குழந்தைகளை விட்டுச் செல்லும் அறைக்கு இலங்கையிலிருந்து வந்தவர்கள் வைத்த பெயர் அது. இருபது ஆண்டுகளுக்கு மேல் அந்த வகுப்பு ஒரு வாரமும் நின்றதில்லை.

ராமையாவின் யோக உடை இது: தலையில் குரங்குக் குல்லா, மேலே இரண்டு ஸ்வெட்டர், கைலிக்குள் பேண்ட், காலில் கம்பளி சாக்ஸ். பெண்களும் அப்படியேதான் வருவார்கள். நீலகிரியில் விடிகாலையில் ஸ்வெட்டர் போடாமல் யோகா செய்பவர் யோகி அல்ல, சுற்றுலாப் பயணி. ஆசனங்களுக்கு வடமொழிப் பெயர் கிடையாது. ஒன்றின் பெயர் "கூடை எறக்கறது." இன்னொன்று "பஸ்ஸுக்கு எட்டிப் பாக்கறது."

முன்வரிசையில் லெட்சுமி என்று ஒரு பெண். வாய் அடங்காது.

"மாஸ்டரு, கூடைய எறக்கியாச்சு. கொழுந்த நெறுத்துப் பாத்துட்டு அரை நாள் சம்பளம் போடுவீங்களா, முழு நாள் போடுவீங்களா?"

"வாய மூடிக்கிட்டு மூச்ச இழு. ஒன் வாய்க்குத் தனியா ஒரு ஆசனம் கண்டுபிடிக்கணும்."

நான் கோத்தகிரியில் வட்டாட்சியராக இருந்தபோது, மகனுக்குச் சாதிச் சான்றிதழ் கேட்டு வந்தார் ராமையா. கப்பல் காகிதத்தில் அவருடைய அப்பன் பெயர் ஒரு மாதிரி, ரேஷன் அட்டையில் வேறு மாதிரி. ஏழு முறை அலையவிட்டேன். எட்டாம் முறை அவர் வந்தபோது எனக்கு முதுகு பிடித்துக்கொண்டு நாற்காலியிலிருந்து எழ முடியவில்லை. அலுவலகத் தரையில் கோப்புகளை விரித்து, அதன்மேல் என்னைக் கிடத்தி, அரைமணி நேரத்தில் எழுப்பி நிறுத்தினார். சான்றிதழ் அன்றே கிடைத்தது. அதை லஞ்சம் என்று நான் அப்போது நினைக்கவில்லை. அலையவிட்டதைக் குற்றம் என்றும் நினைக்கவில்லை.

3

என் மகள் மாலதி இங்கே கணக்காளராக இருந்தாள். வேலை போனதும், ஒரு பேக்கரிக்கு மேலே மாடியை வாடகைக்கு எடுத்து யோகா ஸ்டூடியோ தொடங்கினாள். ஊட்டியில் படித்தபோது உடற்பயிற்சி வகுப்புக்குப் போகாமல் இருக்க என்னிடம் பொய்க் கடிதம் எழுதி வாங்கியவள், இப்போது வெள்ளைக்காரர்களுக்குக் கைகூப்பி நமஸ்தே சொல்கிறாள். பேத்தி மாயாவுக்கு ஒன்பது வயது. "தாத்தா, உனக்கு யோகா தெரியுமா? அம்மா சொன்னா இந்தியாவில எல்லாருக்கும் தெரியுமாம்" என்றாள் ஒருநாள், ஆங்கிலத்தில். தெரியும் என்றேன். தமிழில் கேட்டிருந்தால் உண்மையைச் சொல்லியிருப்பேன்.

ஓய்வு பெற்றவனுக்கு வேலை தொலைக்காட்சி பார்ப்பதுதான். இரண்டு தேசத்துத் திரையையும் பார்த்ததில், யோகா செய்பவர்களில் சில வகைதான் உண்டு என்று தெரிந்துகொண்டேன். இங்கே, ஒல்லியான ஒரு பெண் மலை உச்சிப் பாறையில் ஒற்றைக் காலில் நிற்பாள், எதிரே சூரியன். அவள் அங்கே எப்படி ஏறினாள், இறங்கும்போது செருப்பு எங்கே என்று யாரும் கேட்பதில்லை. தயிர், காப்பீடு, மலச்சிக்கல் மருந்து எல்லாவற்றையும் அவளே விற்கிறாள். அவளுக்குக் கற்றுக் கொடுப்பவர் தாடி வைத்த கிழவர். அவருக்கு வசனம் கிடையாது, சிரிப்பு மட்டும்.

நம் சினிமாவில் யோகா மாஸ்டர் நகைச்சுவை நடிகர். காலைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டு எடுக்க முடியாமல் ஆம்புலன்சில் போவார். காவி கட்டியிருந்தால் அவர் வில்லன். பூஜை அறைக்குப் பின்னால் இன்னோர் அறை இருக்கும். செய்தியில் என்றால், யோகா தினத்தன்று அதிகாரிகள் வரிசையாகப் படுத்திருப்பார்கள். அந்த வரிசையை நானே பலமுறை ஏற்பாடு செய்திருக்கிறேன். பாய் வழங்கல் பதிவேடு, வருகைப் பதிவேடு, புகைப்படம் இரண்டு பிரதி. படம் எடுத்து முடித்ததும் எல்லோரும் எழுந்துவிடுவார்கள். பாய்களைச் சரிபார்த்து எண்ண நான் மட்டும் நிற்பேன்.

ஆக, திரையில் தெய்வம் உண்டு, மோசடி உண்டு, கோமாளி உண்டு. மூட்டை தூக்கி முதுகு போய், சாக்ஸ் போட்டுக்கொண்டு ஆறு ஆசனம் செய்கிறவன் எங்கும் இல்லை. அவனைக் காட்டினால் தயிர் விற்காது.

இங்கே தெருவெங்கும் கற்பூர மரம், அதாவது யூகலிப்டஸ். ஊட்டியில் அதை அந்நிய மரம், தண்ணீரைக் குடிக்கிறது என்று வெட்டுகிறார்கள். இங்கே அதுதான் மண்ணின் மரம், வெட்டினால் அபராதம். இடத்தை மாற்றினால் எதுவும் புனிதமாகிவிடும் என்பதற்கு என் ஜன்னலுக்கு வெளியிலேயே சான்று நிற்கிறது.

4

மாலதியின் ஸ்டூடியோவுக்கு வந்துபோகும் ஓர் இயக்குநர், உலகத்தின் ஒதுங்கிய யோகிகளைப் பற்றி இணையத் தொடர் எடுத்துக்கொண்டிருந்தார். "அப்பாவுக்கு ஒருத்தரைத் தெரியும்" என்றாள் மகள். தொடரின் முடிவில் அவள் ஸ்டூடியோவின் பெயர் வரும் என்பது பேச்சு. வனத்துறை அனுமதி, உள்ளாட்சித் தடையின்மைச் சான்று எல்லாம் எந்த மேசையில் தொடங்கி எந்த மேசையில் முடியும் என்று பட்டியல் போட்டுக் கொடுத்தேன். ராமையாவிடமும் நானே போனில் பேசினேன்.

"அவுங்க எதுக்குங்கய்யா என்னய படம் புடிக்கிறாங்க?"

"உன் வகுப்பைத்தான், ராமையா. உலகம் பூரா பாக்கும்."

"லெட்சுமிக்கிட்ட சொன்னா புதுச் சேலை கேக்குமே" என்று சிரித்தார்.

படக்குழு வந்தது கந்த சஷ்டி வாரத்தில். இலங்கையில் இருந்த காலத்திலிருந்தே ராமையாவின் வீட்டு வழக்கம் ஒன்று உண்டு: அந்த ஆறு நாளும் சோறு கிடையாது, பாலில்லாத் தேநீர் மட்டும். அவர் மொழியில் தேத்தண்ணி. சர்க்கரை நோய் வந்த பிறகும் அதை விடவில்லை. ஆறாம் நாள் சூரசம்ஹாரம் முடிந்து, மறுநாள் காலை தயிர்ச்சோற்றில் தொடங்கி மதியம் கோழிக் குழம்பில் முடிப்பார். படக்குழு ஆறாம் நாள் மாலையே கிளம்பிவிட்டது. கோழியை அவர்கள் பார்க்கவில்லை.

முதல் நாளே ஸ்வெட்டரையும் குல்லாவையும் கழற்றச் சொல்லியிருக்கிறார்கள். மூடுபனியில், தேயிலைச் சரிவின் விளிம்பில் ஒரு பாறையில், வெற்று மார்போடு உட்கார வைத்திருக்கிறார்கள். பெண்களின் வகுப்பையும் படம் பிடித்தார்கள். தொடரில் அது வரவில்லை. சாக்ஸ் போட்ட பெண்கள் அழகாக இல்லையாம்.

இரண்டு மாதம் கழித்து எனக்கு ஒரு படிவம் வந்தது. தகவல் சரிபார்ப்பாம். ராமையாவை நெடுங்காலம் அறிந்த முன்னாள் அதிகாரி என்ற முறையில் என்னைக் கேட்டிருந்தார்கள். ஏழாவது கேள்வி: படப்பிடிப்பு நடந்த ஆறு நாளும் அவர் உணவு எதுவும் உட்கொள்ளவில்லை என்பதை உறுதி செய்கிறீர்களா? ஆம் அல்லது இல்லை. கீழே கூடுதல் குறிப்புக்கு நான்கு வரி இடம்.

ஆம் என்று குறித்தேன். நான்கு வரியையும் வெறுமையாக விட்டேன். அது விரதம், ஆண்டில் அந்த ஆறு நாள் மட்டும்தான் என்று எழுத ஒரு வரி போதும். அவர்கள் என்ன செய்யப்போகிறார்கள் என்று எனக்குத் தெரியாமல் இல்லை. கேட்காததற்குப் பதில் எழுதாதே என்பது அலுவலகத்தில் நான் கற்ற முதல் பாடம். என் பதிலில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை. ஒரு மனிதனைக் கெடுக்க அதுவே சிறந்த வழி.

5

அடுத்த ஆண்டு செப்டம்பரில் தொடர் வெளிவந்தது. ராமையா பல்லாண்டாகக் காற்றும் தேயிலைச் சாறும் கொண்டு வாழ்பவர் ஆனார். வயதில் முப்பது கூட்டியிருந்தார்கள். வட்டாட்சியர் நிர்வாக நடுவரும், அதாவது மாஜிஸ்ட்ரேட்டும், ஆவார் என்று நான் பெருமைக்குச் சொல்லியிருந்ததை வைத்து, "இதை முன்னாள் நீதிபதி ஒருவர் உறுதி செய்கிறார்" என்று ஒரு குரல் சொன்னது. மாலதி அந்தப் பாறைப் படத்தைப் பெரிதாக அச்சிட்டு ஸ்டூடியோச் சுவரில் மாட்டினாள்.

ஒரு மாதம் கழித்து ராமையா கூப்பிட்டார்.

"ஐயா, ஒரு மனு எழுதணுங்க. நான் திங்கிறவன்னு எழுதணும்."

"என்ன ராமையா, விளையாடறயா?"

"வெளையாடலிங்கய்யா. காலையில ஆறு மணிக்கெல்லாம் ஜீப்பு வந்துருது. வாசல்ல கும்புட்டுக்கிட்டு நிக்கிறாங்க. சீனி மாத்திரைய போட்டுட்டு வெறும் தேத்தண்ணியோட ஒக்காந்திருக்கேன். அவுங்க போற வரைக்கும் எதையும் வாயில வைக்காதங்கிறான் மகன். சாயந்தரந்தான் சோறு. போன வாரம் கண்ண இருட்டிக்கிட்டு சாஞ்சிட்டேன். அதையும் சமாதின்னு சொல்லி போட்டோ எடுத்துக்கிட்டாங்க."

"வகுப்பு நடக்குதா?"

"மொத வரிசையில வெள்ளக்காரவுங்க ஒக்காந்துடுறாங்க. பொம்பளைங்க வாசல்லயே நின்னு பாத்துட்டுப் போயிருதுங்க. அதுங்களுக்குத்தாங்கய்யா முதுகு வலிக்குது."

ஆட்களை ஏற்றி வந்தது மகன் பிரபுவின் ஜீப். நான் கொடுத்த சான்றிதழில் படித்தவன். அவனோடும் பேசினேன்.

"சார், நீங்க ஒண்ணும் எழுத வேண்டாமுங்க. ரெண்டு சீசன் ஓடட்டுமுங்க. பட்டினியா கெடக்கறாரு? பொழுது சாஞ்சா நல்லாத்தான் திங்கறாரு."

இரவுச் சாப்பாட்டின்போது மாலதியிடம் சொன்னேன். அவள் தட்டைப் பார்த்தபடியே பேசினாள்.

"ஜனவரி வரைக்கும் சும்மா இருங்கப்பா. என் ஸ்டூடண்ட்ஸ் பன்னிரண்டு பேர் அரவேணுவுக்கு டிக்கெட் போட்டாச்சு. இப்ப நீங்க ஏதாவது எழுதினா, முன்னாடி ஏன் சொல்லலைன்னு என்னைத்தான் கேப்பாங்க."

தேவைப்பட்டது மனு அல்ல. "ஏழாவது கேள்விக்கு நான் தந்த பதில் முழுமையானதல்ல, அது ஆறு நாள் விரதம்" என்று நான் ஒரு மின்னஞ்சல் அனுப்பினால் போதும். அது எனக்கு முதல் நாளே தெரியும். ஆனால் ராமையாவிடம் மனு கேட்டேன். வந்த மனுவைத் திருப்பி அனுப்பினேன்: ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்து இல்லை. சரிசெய்து வாட்ஸாப்பில் அனுப்பினார். உணவு உட்கொள்பவர் என்பதற்கு மருத்துவர் சான்று வேண்டும் என்றேன். அதையும் வாங்கினார், டாக்டர் சிரித்துக்கொண்டே எழுதிக் கொடுத்தாராம். தின்பதைப் பார்த்த இரண்டு சாட்சிகள், அவர்கள் கையெழுத்துக்கு ஓர் அதிகாரியின் மேலொப்பம் என்றேன். லெட்சுமியும், அரவேணுவில் பேக்கரி வைத்திருக்கும் பாயும் கையெழுத்திட்டார்கள். மேலொப்பத்துக்காக மூன்று அலுவலகம் ஏறி இறங்கினார். நாலாவது முறை, சாட்சிகளின் ஆதார் நகல் தெளிவாக இல்லை என்றேன்.

பழைய ஏழு முறைக் கணக்கில் இன்னும் மூன்று முறை பாக்கி இருந்தது.

6

டிசம்பரில் ஒரு காலை ராமையா குளித்து, இரண்டு ஸ்வெட்டரும் குல்லாவும் போட்டுக்கொண்டு, வாசலில் நின்ற கும்பலைத் தாண்டி நடந்தார். கும்பலும் பின்னால் நடந்தது. அரவேணு பஸ் நிறுத்தத்துக்கு எதிரே பாயின் பேக்கரியில், சாலையைப் பார்த்த பெஞ்சில் உட்கார்ந்தார். குல்லாவைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். குல்லாவோடு இருந்தால் படத்தில் வந்தவர் என்று அடையாளம் தெரியாதே.

பாய் தேநீரும் இரண்டு வர்க்கியும் வைத்தார். வர்க்கியை உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை. முதலாவதை நனைத்து வாயில் போட்டதும் ஐந்தாறு போன்கள் உயர்ந்தன.

"சாமி, நீங்க சாப்பிடுவீங்களா?" என்று ஒருவர் கேட்டார்.

"திங்கிறேனே, தெரியலியா? எப்பவும் திங்கிறவன்தான். விரதம் இருந்தப்ப படம் புடிச்சிட்டுப் போயிட்டாங்க. எழுதிக் குடுத்துப் பாத்தேன், முடியல. நல்லா பாத்துக்குங்க. பாய், இன்னும் ரெண்டு வைங்க."

அங்கே இருந்த ஒருவர் முழு வீடியோவையும் எனக்கு அனுப்பினார். அதனால்தான் அவர் சொன்னது எனக்குத் தெரியும். நீங்கள் பார்த்ததில் அது இல்லை. சேனல்கள் பேச்சை வெட்டிவிட்டு, மெல்வதை மட்டும் மெதுவாக ஓட்டின. பின்னணியில் நகைச்சுவை இசை. "வர்க்கி சாமியார் வசமாகச் சிக்கினார்." ஒரே காலையில் தெய்வம் மோசடியாகி, மாலைக்குள் கோமாளியுமானார். திரையில் யோகிக்கு இருக்கும் மூன்று நாற்காலியிலும் அவரை உட்கார வைத்துவிட்டார்கள்.

பிறகு கோயமுத்தூரிலிருந்து வந்த ஒருவர் அவர் தேநீர்க் குவளையில் துப்பினார். பிரபுவின் ஜீப் கண்ணாடி உடைந்தது. எஸ்டேட் நிர்வாகம், மோசடிப் பேர்வழிக்குப் பிள்ளைக் காம்பராவைத் தர முடியாது என்று பூட்டிவிட்டது. ஞாயிறு வகுப்பு நின்றது.

அன்றுதான் நான் அந்த மின்னஞ்சலை எழுதினேன். மூன்று வரி, பத்து நிமிடம்கூட ஆகவில்லை. நான்காம் நாள் பதில் வந்தது. அந்தப் பகுதி தொடரிலிருந்து நீக்கப்பட்டுவிட்டதால் என் கடிதத்தின் மேல் நடவடிக்கை தேவையில்லை, கோப்பு முடிக்கப்பட்டது. மிக நேர்த்தியான பதில். நானாக இருந்தாலும் அப்படித்தான் எழுதியிருப்பேன்.

ராமையாவைக் கூப்பிட்டேன். பக்கத்து வீட்டு லெட்சுமிதான் எடுத்தார்.

"யாரு, தாசில்தாரு ஐயாவா? மாஸ்டரு மலைக்கு வெறகு பொறுக்கப் போயிருக்காரு. சாப்ட்டுட்டுத்தான் போயிருக்காரு, பயப்படாதீங்க."

"உன் முதுகு எப்படி இருக்கு லெட்சுமி?"

"கூடைய எறக்க ஆளில்லைங்க, அப்பிடியே கெடக்குது. ஐயா, ஒண்ணு கேக்கலாங்களா?"

"கேளு."

"அவரு திங்கலன்னு சொல்றதுக்கு நீங்க ஒரு கையெழுத்துதானே போட்டீங்க? திங்கிறாருன்னு சொல்றதுக்கு மட்டும் எங்ககிட்ட எதுக்குங்க அத்தனை கேட்டீங்க?"

இணைப்பு சரியில்லை என்று வைத்துவிட்டேன். இணைப்பு நன்றாகத்தான் இருந்தது.

7

மாலதியின் பன்னிரண்டு பேரும் பாலித் தீவுக்குப் போனார்கள். ஸ்டூடியோச் சுவரிலிருந்து ராமையாவின் படம் இறங்கியது. வெள்ளையடித்த சுவரில் அந்த இடம் மட்டும் நிறம் மாறித் தெரிந்தது. அதை மறைக்க அதே அளவில் இன்னொரு படம் வேண்டும்.

சென்ற சனிக்கிழமை, நோட்டரியிடம் போய்வந்த மூன்றாம் நாள், மகள் என்னை மாடிக்கு அழைத்துப் போனாள். சட்டையைக் கழற்றச் சொன்னாள். தோளில் காவிச் சால்வை, எதிரே கேமரா. வயிறு தெரியக்கூடாது என்பதால் காலைச் சாப்பாடு வேண்டாம் என்று முன்பே சொல்லியிருந்தாள். நான் சவரம் செய்து இரண்டு வாரமாகியிருந்தது. அதுவும் அவள் சொல்லித்தான்.

"மூச்சை உள்ள இழுங்கப்பா. சிரிக்காதீங்க. லேசா மட்டும்."

நான் மறுக்கவில்லை. இருபது நிமிடம் அப்படியே உட்கார்ந்திருந்தேன். கீழே பேக்கரியிலிருந்து ரொட்டி வேகும் வாசனை தரைப்பலகை வழியாக ஏறி வந்தது.

முடிந்ததும் சட்டையை மாட்டிக்கொண்டு கீழே இறங்கி, ஒரு பன் வாங்கி, கடை வாசலில் நின்று கடித்தேன். மாயா பின்னாலேயே ஓடி வந்தாள்.

"தாத்தா, இங்க நின்னு சாப்பிடாதே. ஸ்டூடண்ட்ஸ் வர்ற நேரம்னு அம்மா சொன்னா."

தமிழில் சொன்னாள். இரண்டு வாக்கியமும் பிழையில்லாமல் இருந்தன.

சுவரின் பக்கம் திரும்பி நின்று மீதியைத் தின்று முடித்தேன்.